திரை விலகிய பகல்

“திரை நிற்கட்டும்” என்றார் வட ஒன்றியத்தின் தூதர் ஓலாவ் பெர்க்.

“நிற்கட்டும்” என்றார் கீழைக் கூட்டமைப்பின் தூதர் மெய்லின்.

இருவருக்கும் நடுவே அமர்ந்திருந்த ஜெபராணி ஒருவர் சொன்னதை மற்றவர் மொழியில் சொன்னாள். குமரிக்குத் தெற்கே, எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாத கடல்மேடையில் அது அன்றாடக் காலைக் கடமை. வழக்கமாக அதன்பிறகு தேநீர் வரும். அன்று யாரும் தேநீர் கேட்கவில்லை.

ஜெபராணி நாகர்கோவில்காரி. அவள் பிறப்பதற்கு முன்பே பூமி கொதித்து, இரண்டு வல்லரசுகளும் ஆளுக்குப் பாதியாக மேல்காற்றில் நுண்தகடுகளைப் பரப்பிவிட்டன. கண்ணுக்குத் தெரியாத கோடானுகோடித் தகடுகள் திரையாக நின்று வெயிலைத் திருப்பியனுப்பின; இரு நாட்டுத் தூதர்களின் குரலுக்கே அவை கட்டுப்படும். பயிர்கள் பிழைத்தன. வானம் மட்டும் சாதம் வடித்த கஞ்சிபோல வெளுத்துப்போனது. இன்னொன்றும் நடந்தது. செயற்கைக்கோள்களால் கீழே எதையும் பார்க்க முடியவில்லை. தன் பாதித் திரைக்கடியில் எதிரி என்ன வைத்திருக்கிறான் என்று இருவருக்கும் தெரியாது. தெரியாததெல்லாம் ஆயுதமாகத்தான் தோன்றியது.

இயந்திர மொழிபெயர்ப்பு அவையில் தடைசெய்யப்பட்டிருந்தது. ஒருமுறை ஓர் இயந்திரம் வேண்டுகோளை மிரட்டலாக மாற்றிச் சொன்னதில் ஒரு துறைமுகமே எரிந்துபோயிருந்தது. அதனால்தான் மனிதக் குரல். இடைமொழியாளர் சொந்தமாக ஒரு சொல்லும் சேர்க்கக் கூடாது என்பதும் விதி. ஜெபராணி அதை ஒருநாளும் மீறியதில்லை.

எல்லையில் இரண்டு படைகளும் எதிரெதிரே நின்றன. நண்பகலுக்குள் உடன்பாடு வராவிட்டால் தூதர்களைத் திரும்ப அழைத்துக்கொள்வதாக இரு தலைநகரங்களும் அறிவித்திருந்தன. அதற்கு என்ன பொருள் என்று யாரும் யாரிடமும் கேட்கவில்லை.

“உங்கள் பாதியைத் திறந்து காட்டுங்கள்” என்றார் பெர்க்.

“முதலில் நீங்கள்.”

“முதலில் திறப்பவன் முதலில் சாவான்.”

“எங்களுக்கு மட்டும் அந்தப் பயம் இல்லையா?”

இப்படியே வெகுநேரம் போனது. மூத்தவரான மெய்லின் களைத்துப்போய், பேச்சுவார்த்தைக்குச் சம்பந்தமில்லாத ஏதோ சொன்னார். சின்ன வயதில் தான் பார்த்த வானத்தைப் பற்றி. அதன் நிறத்துக்கு அவர் மொழியில் தனிச்சொல் ஒன்று இருந்தது.

ஜெபராணி பெர்க்கின் பக்கம் திரும்பினாள். வாய் திறந்தது, சொல் வரவில்லை.

“என்ன சொல்கிறார்?” என்றார் பெர்க்.

“மன்னிக்க வேண்டும். ஏதோ ஒரு நீலத்தைச் சொல்கிறார். சொல் எனக்குத் தெரியும். ஆனால் அதை நான் பார்த்ததில்லை. பார்க்காததை எப்படிச் சொல்வதென்று தெரியவில்லை.”

தான் சொந்தமாகப் பேசிவிட்டதை அவள் அப்போதுதான் உணர்ந்தாள். விதிப்படி உடனே வெளியேற வேண்டும். எழுந்தாள். முதலில் செய்யவேண்டியதைச் செய்துவிட்டுப் போவோமென்று, தான் சொன்னதையே மெய்லினுக்கும் மொழிபெயர்த்தாள்.

மெய்லின் அவளை உட்காரச் சொல்லிக் கைகாட்டினார். பெர்க் நெற்றியைத் தேய்த்துக்கொண்டார்.

“நானும் பார்த்ததில்லை” என்றார் அவர், யாரிடமென்றில்லாமல்.

“இருவரும் ஒரே மூச்சில் திறக்கச் சொன்னால்?” என்றார் மெய்லின். “முதலில் என்று ஒருவரும் இருக்கமாட்டோம்.”

தலைநகரங்களோடு பேச அவர்கள் தனித்தனி அறைகளுக்குப் போனார்கள். பெர்க்கின் அறையிலிருந்து கத்தல் கேட்டது. மெய்லினின் அறையில் சத்தமே இல்லை. அதுதான் ஜெபராணிக்கு அதிகம் பயமாக இருந்தது. திரும்பி வந்தபோது இருவர் முகமும் வெளிறியிருந்தது. சற்று நேரத்துக்கு மட்டும் அனுமதி. மூடுவதற்கும் இரு குரல்களும் வேண்டும்.

மேடையின் திறந்த தளத்தில் நின்றார்கள். ஜெபராணி கையை உயர்த்தி இறக்கினாள்.

“திறக்கட்டும்.”

இரண்டு மொழிகள், ஒரே குரல்போல.

முதலில் ஒன்றுமில்லை. பிறகு உச்சியில் ஒரு கீறல். மேல்காற்றில் தகடுகள் ஒவ்வொன்றாகப் பக்கவாட்டில் திரும்ப, கீறல் அகன்று நாற்புறமும் ஓடியது. வெண்மை விலகிய இடத்தில் நிறம் தெரிந்தது. நிறமென்றும் சொல்ல முடியாது, அது ஆழம். மேலே ஒரு கடல், அடியில்லாமல். கீழே இருந்த கடலும் அதைப் பார்த்து நிறம் மாறிக்கொண்டிருந்தது. விழுந்துவிடுவோமோ என்று பயந்து ஜெபராணி கைப்பிடிக் கம்பியைப் பற்றினாள். பெர்க் அண்ணாந்தபடியே தரையில் உட்கார்ந்துவிட்டார். “இவ்வளவு தூரமா” என்றார், “இவ்வளவு தூரமா.”

மெய்லின் அழுதுகொண்டிருந்தார்.

அனுமதித்த நேரம் முடிந்தது. யாரும் ‘மூடட்டும்’ என்று சொல்லவில்லை. தகவல்கூடத்தில் வேலைபார்க்கும் சேவியர் மூச்சிரைக்க ஓடிவந்தார்.

“என்னண்ணே, சுட்டுட்டானுவளா?” என்றாள் ஜெபராணி.

“இல்லம்மா. மேலேயிருந்து எல்லாம் தெளிவாத் தெரியுது. ரெண்டு பக்கமும் ஏவுகணை ஒண்ணும் இல்ல. எல்லையில கூப்பிட்டா ஒருத்தனும் எடுக்க மாட்டேங்கான்.”

“ஏன், என்ன ஆச்சு?”

“படம் வருதே, நீயே வந்து பாரு. டாங்கி எல்லாம் தெறந்து கெடக்கு. ரெண்டு படையும் வெளிய வந்து மேல பாத்துட்டு நிக்கானுவ. எவன் எந்தப் பக்கத்துக்காரன்னே தெரியல்ல.”

தூதர்கள் இருவரும் அவளைப் பார்த்தார்கள். ஜெபராணி குரலைச் சரிசெய்துகொண்டு, முதலில் யாருக்குச் சொல்வதென்று ஒரு கணம் தடுமாறி, பிறகு சொல்லத் தொடங்கினாள்.