பட்டி வாசலில் போய்னோக்

மதியம் நாய் திரும்பி வந்தது. ஆடுகள் அசைபோடுவதை நிறுத்தின.

ஒரோஸாலியின் காதில் முதலில் விழுந்தது அந்த நிறுத்தம்தான். இருநூறு ஆடுகள் கல் பட்டிக்குள் நின்று அசைபோட்டால், ஈரச் சரளையில் யாரோ ஓயாமல் நடப்பது போல ஒரு சத்தம் இருக்கும். நாற்பது குளிர்காலம் அந்தச் சத்தத்துக்குள்ளேயே தூங்கி எழுந்தவன் அவன். மூன்று நாள் பனிப்புயல் கூரையைப் பிய்க்கப் பார்த்தபோதுகூட அது நிற்கவில்லை. இப்போது புயல் ஓய்ந்து, மலையும் வானமும் ஒரே வெள்ளையாக, எது மேல் எது கீழ் என்று தெரியாமல் கிடக்கும் நேரத்தில், நின்றுவிட்டது.

பட்டி வாசலில் போய்னோக் படுத்திருந்தது. புயலின் முதல் நாள் சரிவைப் பார்த்துக் குரைத்துக்கொண்டு போன நாய். செத்துவிட்டது என்றே அவன் முடிவு கட்டியிருந்தான். கழுத்தைச் சுற்றிய வெள்ளைப் பட்டை, வெட்டிய காது, நறுக்கிய வால், எல்லாம் இருந்தது. முள் வைத்த இரும்புக் கழுத்து வளையத்தை மட்டும் காணோம். ஆடுகள் எதிர்ச் சுவரோடு ஒன்றன்மேல் ஒன்றாக ஏறி நசுங்கிக்கொண்டிருந்தன. குளிர் நாளில் அதன் வயிற்றில் முதுகை ஒட்டிப் படுக்கிற ஆடுகள்தான்.

"வந்துட்டானா?" வீட்டுக்குள்ளேயிருந்து அவன் மனைவி பாத்மா கத்தினாள்.

"வந்திருக்கு."

"அந்தச் சந்தோஷத்தைக் கொஞ்சம் மூஞ்சியில காட்டேன் கிழவா. என்னைவிட உனக்கு அவன்தானே ஒசத்தி."

"நீ குரைக்கிற அளவுக்கு அது குரைக்காது. அதான்."

"கால் நல்லாகட்டும், கடிக்கவும் செய்யறேன்."

ஐந்து நாளுக்கு முன் ஊற்றில் தண்ணீர் எடுக்கப் போன இடத்தில் பனிக்கட்டி வழுக்கி அவளுக்கு முழங்காலுக்குக் கீழே எலும்பு முறிந்திருந்தது. இரண்டு பலகை வைத்துக் கம்பளத் துண்டால் அவனே கட்டினான். கீழே நாரின் நகரத்துக்குப் போகிற பாதை பனிக்குள் எங்கோ இருந்தது. பனி தள்ளுகிற வண்டி வந்தால்தான் உண்டு, அது எப்போது வரும் என்று அதற்கே தெரியாது. துப்பாக்கியைப் போன மாதம் மகன் கீழே எடுத்துப் போய்விட்டான். இருந்ததெல்லாம் ஒரு கோடரி, ஒரு தடி, நகர முடியாத பாத்மா. அவளை விட்டுவிட்டு அவன் எங்கும் போக முடியாது. போகிற எண்ணமும் இல்லை.

தவிட்டுக் கூழைக் கலக்கி எடுத்துக்கொண்டு வாசலுக்குப் போனான்.

கீழே பஜாரில் உட்கார்ந்து தேநீர் குடிக்கிறவர்கள் வாய் கிழியப் பேசுவார்கள். எங்கள் நாய் ஓநாயைத் தாள் மாதிரி கிழிக்கும் என்பார்கள், போனில் படம்கூடக் காட்டுவார்கள். ஒரோஸாலி படத்தையும் நம்பமாட்டான், காட்டுகிறவனையும் நம்பமாட்டான். செத்த ஓநாயையும் செத்த நாயையும் பக்கத்தில் பக்கத்தில் போட்டு கையால் தடவிப் பார்த்தவன் அவன். நாய்க்கு எடை கூட. கழுத்துத் தோல் தடிமன். அவ்வளவுதான் நாயின் பக்கம். ஓநாயின் கோரைப்பல் அதைவிட நீளம், கால் நீளம், பாதம் பெரிது, நடு விரல் இரண்டும் முன்னே தள்ளி இருக்கும். நாயின் மார்பு அகலம். முன்னங்கால் இரண்டுக்கும் நடுவே ஒரு கைமுஷ்டி தாராளமாக நுழையும். ஓநாய்க்கு இரண்டு விரல் நுழைந்தால் அதிகம், ஒடுங்கிய மார்பு, பனியைப் பிளந்துகொண்டு போவதற்கென்றே செய்தது போல. நாய் நடந்தால் தடம் குடிகாரன் போன மாதிரி அங்கும் இங்கும் அலையும். ஓநாயின் தடம் நூல் பிடித்தது போல ஒரே கோடு. தனியாக விட்டால் எந்த நாயும் ஓநாய்க்கு ஈடில்லை. ஆனால் நாய் பின்வாங்காது, ஏனென்றால் அதன் முதுகுக்குப் பின்னால் ஒரு வீடு இருக்கிறது. அந்த ஒன்றுக்காகத்தான் அதற்குத் தவிடு.

கூழை வைத்தான். அது முகர்ந்துகூடப் பார்க்கவில்லை.

பட்டியை நோக்கி அல்லவா படுத்திருந்தது! காவல் நாய் சரிவைப் பார்த்துப் படுக்கும். ஆடுகள் அதன் முதுகுப் பக்கம் இருக்கும். இது ஆடுகளைப் பார்த்துக்கொண்டிருந்தது.

"என்னடா, மூணு நாள்ல திசை மறந்துபோச்சா?" என்று கழுத்தைத் தடவினான். போய்னோக்கின் மேல் எப்போதும் ஆட்டு ரோமமும் புளித்த மோரும் கலந்த ஒரு வாடை இருக்கும், கையைக் கழுவினாலும் போகாது. இதன்மேல் எந்த வாடையும் இல்லை. குளிர்ந்த இரும்பை முகர்ந்தது போல இருந்தது. வலது காதைப் பார்த்தான். அவன் கத்தி சறுக்கி விழுந்த பிளவு அப்படியே இருந்தது. அவன் கைவேலைதான். சந்தேகமே இல்லை.

தடவுகிற சாக்கில் முஷ்டியை முன்னங்கால்களுக்கு நடுவே கொண்டுபோனான்.

நுழையவில்லை.

விரலை நீட்டினான். இரண்டு நுழைந்தது. மூன்றாவது இடித்தது.

அவன் கையை மெல்ல, மிக மெல்ல வெளியே எடுத்தான். தேன் நிறக் கண் இரண்டும் அவன் கை போகிற வழியையே பார்த்துக்கொண்டிருந்தன. அதற்குப் பின்னால் சரிவிலிருந்து வாசல்வரை அதன் தடம் கிடந்தது. ஒரே கோடாக.

ஐந்து வருஷத்துக்கு முந்தைய வைகாசி அப்போதுதான் ஞாபகத்துக்கு வந்தது. காது இருந்தால் ஓநாய் கவ்வித் தொங்கும், வால் இருந்தால் பிடித்து இழுக்கும் என்று ஒரு மாதக் குட்டியிலேயே இரண்டையும் வெட்டிவிடுவது வழக்கம். வெட்டிய காதை நெருப்பில் சுட்டு அந்தக் குட்டிக்கே தின்னக் கொடுக்க வேண்டும். தன் சதையைத் தின்றது வேறெவன் சதைக்கும் பயப்படாது. அன்று காலைதான் அவன் ஒரு ஓநாய்க் குகையைத் தோண்டி, அதே வயதுக் குட்டிகளைச் சாக்கில் கொண்டுவந்திருந்தான். போய்னோக்கின் சுட்ட காதுகளைக் கீழே வைத்தபோது சாக்கின் வாயிலிருந்து ஒரு சின்ன மூக்கு வெளியே நீண்டு, இரண்டையும் கவ்விக்கொண்டு உள்ளே போய்விட்டது. பிடுங்கியிருக்க வேண்டும். அவன் சிரித்தான். மறுநாள் காலையில் சாக்கு கிழிந்து காலியாகக் கிடந்தது. பாத்மாவிடம் சொல்லவில்லை.

இப்போது சொன்னான்.

அடுப்பில் எருவரட்டி புகைந்துகொண்டிருந்தது. அவள் உப்புத் தேநீரைக் கீழே வைத்துவிட்டு அவனையே பார்த்தாள்.

"அஞ்சு வருஷமா வாயில வெச்சு அமுக்கிட்டே இருந்தியா?"

"காதுதானே, போகட்டும்னு விட்டேன்."

"உனக்கு எதுதான் போகட்டும் இல்ல? என் காலும் போகட்டும்தானே?"

"அது போய்னோக் இல்ல பாத்மா."

"காதுல உன் கத்தித் தழும்பு இருக்குன்னு நீயேதான் சொல்றே. பட்டினி கிடந்து மெலிஞ்சிருக்கும். மாரு ஒடுங்காம என்ன செய்யும்? மூணு நாளு சோறு இல்லன்னா நீயும் சாக்கு மாதிரி தொங்குவே."

"எலும்பு மெலியாது."

அவள் இடுக்கியை எடுத்து அடுப்பு நெருப்புக்குள் செருகினாள். "வைக்கோல் எடுத்துட்டு சீக்கிரம் வா," என்றாள். "கதவைச் சாத்திட்டுப் போ."

வீட்டுக்குப் பின்னால் இருபது அடியில் வைக்கோல் போர். பனி அதை ஒரு குன்றாக்கியிருந்தது. மண்வெட்டியைக் குத்தினான். இரண்டாவது குத்தில் இரும்பு இரும்பின்மேல் பட்டது.

குனிந்து கையால் பனியைத் தள்ளினான். முள் வளையம். அதற்குள் கழுத்து. வெள்ளைப் பட்டை.

போய்னோக் எங்கும் போயிருக்கவில்லை. மூன்று நாளும் இங்கேயே, வைக்கோலில் முதுகை ஒட்டி, சரிவைப் பார்த்தபடி, கல்லாக உறைந்து கிடந்தது. உடம்பில் ஒரு கீறலும் இல்லை. வாய் திறந்திருந்தது. குரைப்பதற்காகத் திறந்த வாய்.

அவன் கையுறையைக் கழற்றினான். அது பைத்தியக்காரத்தனம் என்று தெரியும். ஆனாலும் அளந்தான். முஷ்டி மார்பில் நுழைந்தது, தாராளமாக. பாதம் அவன் உள்ளங்கைக்குள் அடங்கியது. கோரைப்பல் கட்டைவிரல் நகமளவு, பாதி தேய்ந்தது. எலும்பு கடித்தே தேய்த்த பல். காது வெட்டு. பிளவு.

"ஏமாத்தப் பாக்குதுங்க என்னை," என்று செத்த நாயிடம் சொன்னான். பயத்தின் மேலே கோபம் வந்தது. அறுபத்திரண்டு வயதில் அவனை ஏமாற்றாதவர்கள் யார்? ஆடு வாங்க வருகிறவன், மருந்து விற்க வருகிறவன், ஓட்டுக் கேட்டு வருகிறவன். இப்போது மலையும் சேர்ந்துகொண்டது. வளையத்தைக் கழற்றித் தோளில் மாட்டிக்கொண்டான்.

வீட்டுக்குள்ளிருந்து பாத்மா கத்தினாள். வார்த்தை இல்லை. கத்தல்.

ஓடினான். பட்டி வாசல் காலி. வீட்டுக் கதவு திறந்திருந்தது. அவன் சாத்திய கதவு.

அது வீட்டு வாசலில் நின்றது. முன்னங்கால் ஒன்று நிலைப்படிக்கு உள்ளே இருந்தது. ஐந்து வருஷத்தில் போய்னோக் ஒருநாள்கூட அந்த நிலைப்படியைத் தொட்டதில்லை. எந்த மேய்ச்சல்காரன் நாயும் தொடாது, கதவு திறந்து கிடந்தாலும், உள்ளே இறைச்சி வெந்தாலும், செத்தாலும். இது தொட்டிருந்தது. பாதம் விரிந்து, அவன் கையைவிட அகலமாக. நடு விரல் இரண்டும் முன்னே தள்ளி.

பாத்மா படுக்கையிலிருந்து உருண்டு, உடைந்த காலை இழுத்துக்கொண்டு அடுப்பு இடுக்கியோடு தரையில் கிடந்தாள்.

"உள்ள வர்றியா?" அவள் குரல் ஏறியது. "என் வீட்டுக்குள்ளயா வர்றே, காது திருடி!"

சிவந்த இடுக்கியை அந்தப் பாதத்தின் மேல் வைத்து அழுத்தினாள். ரோமம் பொசுங்கியது. அது கத்தவில்லை. ஊளையிடவில்லை. காலை எடுத்துக்கொண்டது, அவ்வளவுதான். திரும்பியது. ஒரோஸாலியைக் கடந்தது, அவன் தொடையை உரசியபடி. பட்டி வாசலுக்குப் போய்ப் படுத்தது. மறுபடி ஆடுகளைப் பார்த்தபடி.

"நீ சொன்னது சரி," என்றாள் பாத்மா, மூச்சு வாங்க. "ஒரு தடவையாவது. பெருமைப்பட்டுக்காதே."

அவளைத் தூக்கிக் கதவு நிலையில் சாய்த்து உட்கார வைத்தான். உள்ளே போகமாட்டேன் என்றுவிட்டாள். மடியில் இடுக்கி. அவன் கோடரியை எடுத்தான். வளையத்தை என்ன செய்வது என்று ஒரு கணம் யோசித்தான். பிறகு தன் கழுத்தில் மாட்டி ஆணியைச் செருகினான்.

"நல்லாத்தான் இருக்கு," என்றாள் அவள்.

வெளிச்சம் மங்கத் தொடங்கியிருந்தது. அவன் பட்டிக்குப் பின்பக்கச் சுவரில் ஏறி உள்ளே குதித்தான். ஆடுகள் நடுவே நடந்து, வாசலுக்குள், அங்கே படுத்திருந்ததற்கு மூன்று அடி முன்னால் நின்றான். ஆடுகள் ஒதுங்கவில்லை. ஒன்று வந்தது. இன்னொன்று. இருநூறும் எதிர்ச் சுவரை விட்டுவிட்டு வந்து, அவன் காலில், இடுப்பில் தலையை முட்டி ஒட்டிக்கொண்டன. சூடாக. நடுங்கிக்கொண்டு.

சரிவில் ஏதோ அசைந்தது.

அந்த ஒற்றைக் கோட்டுத் தடத்திலேயே இன்னொன்று வந்தது. அதே குழியில் பாதம் வைத்து. அதற்குப் பின்னால் இன்னொன்று. இன்னொன்று. வந்தவை வாசலில் ஒன்றன்பக்கம் ஒன்றாக உட்கார்ந்தன. முதலில் வந்ததையும் சேர்த்து ஒன்பது. வெள்ளைக் கழுத்து. வெட்டிய காது. ஒவ்வொன்றின் வலது காதிலும் அவன் கத்தி சறுக்கிய அதே பிளவு.

ஒரோஸாலியிடம் நான்கு பல் இருந்தது. நகம் தேய்ந்தது. கால் வளைந்தது. எதை எதனோடு வைத்து அளந்தாலும் அவன் பக்கம் ஒன்றும் தேறாது என்று அவனுக்குத் தெரியும். பின்வாங்க இடமும் இல்லை, பின்னால் ஆடுகள். அவற்றுக்குப் பின்னால் கதவு. கதவில் அவள்.

"ஏய் கிழவா!" பாத்மா கத்தினாள். "சும்மா நிக்காதே! குரை!"

அவன் வாயைத் திறந்தான். முதலில் காற்றுதான் வந்தது. பிறகு அடிவயிற்றிலிருந்து, கிழிந்து, கரகரத்து, அது வந்தது. அவன் குரைத்தான்.

ஒன்பதும் தலையைச் சாய்த்துக் கேட்டன.

மறுபடி குரைத்தான். நிறுத்தாமல் குரைத்தான். கழுத்து வளையம் அதிர்ந்தது. கதவுப் பக்கம் பாத்மாவின் இடுக்கி தரையில் டங் டங்கென்று விழுந்துகொண்டிருந்தது.

இருட்டிக்கொண்டு வந்த பனியில், ஒன்பது அறுந்த வால்களும், தெரிந்த நாயைக் கண்டது போல, மெல்ல ஆடத் தொடங்கின.