வெளித் தாழ்ப்பாள்

மாரித்தாயின் கையிலிருந்த டீ டம்ளர் தரையில் கிடந்தது. அது எப்போது விழுந்தது என்று அவளுக்குத் தெரியவில்லை. ரேடியோவில் பாடிக்கொண்டிருந்த பெண்குரல் பாதி வரியில் ஆண்குரலாகியிருந்தது. சிந்திய டீயைக் கரிசல் மண் குடித்து முடித்திருந்தது.

அவளுக்கு வருவது மயக்கமில்லை, சில நொடிகள் மூளையில் மின்சாரம் தாறுமாறாகப் பாய்கிறது என்று திருநெல்வேலி டாக்டர் சொல்லியிருந்தார். கண் திறந்தே இருக்கும், கை சில சமயம் பிடித்ததை நழுவவிடும், சில சமயம் பிடித்தபடியே இருக்கும், அவள் மட்டும் அங்கே இருக்கமாட்டாள். மாத்திரையைத் திடீரென்று நிறுத்தினால் ஒன்றன்பின் ஒன்றாக, நீண்டும் வரும் என்றும் எச்சரித்திருந்தார். ஆனால் காளியம்மன் கோயில் கொடைத் திருவிழாவுக்குக் காப்புக் கட்டிய உடம்பில் மருந்து படக்கூடாது என்று அவளே முடிவுசெய்து, மூன்று நாள் மாத்திரைகளை அரிசிப் பானைக்குள் போட்டு வைத்திருந்தாள்.

அவள் வேலை பார்க்கும் தீப்பெட்டி ஆபீசில் மற்றவர்கள் மதியச் சாப்பாட்டுக்குப் போயிருந்தார்கள். தீப்பற்றும் மருந்தில் முக்கியெடுத்த குச்சிகளை அடுக்கிய மரச்சட்டங்கள் காயும் அறைக்கு ஒரே கதவு. காற்றடித்தால் திறந்துகொண்டு உள்ளே தூசி அப்பிவிடும் என்று அதை வெளியிலிருந்துதான் தாழிடுவார்கள். உள்ளே இருப்பவர் தட்டினால் வெளியே இருப்பவர் திறக்க வேண்டும். இன்று வெளியே அவள். சட்டங்களை எடுக்க உள்ளே போவது அவளுடைய அக்காள் தங்கமாரி.

"ஏட்டி, மாத்திரை போட்டியா?"

"போட்டுட்டேன்க்கா."

"அப்பம் கதவுகிட்டயே நில்லு. நான் தட்டுனதும் தொறந்துரு."

அக்காள் உள்ளே போய், தாழிட்ட பிறகுதான் அந்தப் பொய் அவளை உறுத்தியது. அக்காளைக் கூப்பிட்டு உண்மையைச் சொல்லிவிடலாமா என்று நினைத்தபடி தாழ்ப்பாளை இறுகப் பிடித்துக்கொண்டு நின்றாள்; வெயிலில் கூரைத் தகரம் முறுகும் சத்தம், கந்தக வாடை, உள்ளே அக்காள் சட்டங்களை ஒவ்வொன்றாக உருவி அடுக்கும் சத்தம் எல்லாம் அவளுக்குத் துல்லியமாகத் தெரிந்தன. ஒரு சட்டம் நழுவித் தரையில் உரசியது. புஸ்ஸென்று ஏதோ சீறியது.

"மாரி, தொற—"

ரேடியோவில் சோப்பு விளம்பரம்.

கதவு அதிர்ந்துகொண்டிருந்தது. முடி கருகும் நாற்றம். அவள் கை தாழ்ப்பாளிலேயே இருந்தது. உள்ளங்கை இரும்போடு ஒட்டி வெந்திருந்தது. கதவுக்கு அடியில் நான்கு விரல்கள். அக்காளின் விரல்கள். மண்ணைப் பிறாண்டின. உயிர் இருக்கிறது. திறந்தால் போதும். கத்திக்கொண்டே இழுத்தாள். தாழ்ப்பாள் பாதி நகர்ந்தது.

ரேடியோவில் செய்தி வாசித்துக்கொண்டிருந்தார்கள்.

கதவு அதிரவில்லை. தாழ்ப்பாள் பாதியிலேயே நின்றது. அதன்மேல் அவள் கை. கீழே நான்கு விரல்களும் கறுத்து, மண்ணைப் பிடித்தபடி இருந்தன.