களவு போன பாலத்து மூலை

ஞாயிறு காலை 10.10. பாலத்து மூலையைக் காணவில்லை.

லிஃப்ட் மெக்கானிக் தன் அப்பாவின் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்தான். படை படையாக வரும் எதிரிகளை வழியெங்கும் கோபுரம் கட்டித் தடுக்கும் கேம் அது. அதன்மேல் இருந்த பைத்தியத்தில் அவனே அதை மாற்றியமைத்து, 'மாட்' எனப்படும் புது வடிவம் ஒன்றைச் செய்திருந்தான். எதிரிகள் ஐம்பது அலைகளாக வருவார்கள், ஈவிரக்கமே கிடையாது. ஒருவராவது ஜெயித்த பிறகுதான் வெளியிடுவது என்று சபதம். அப்பாவுக்கும் ஒரு நண்பனுக்கும் மட்டுமே ஆடக் கொடுத்திருந்தான், இரண்டு வருடமாக இருவரும் ஜெயிக்கவில்லை.

அம்மா போனதிலிருந்து ஞாயிறுதோறும் அவன் இங்கே வருவது அதற்காகத்தான் என்று பெயர். அப்பா ஆடுவார், இவன் பக்கத்தில் உட்கார்ந்து பார்ப்பான்.

கூட வந்திருந்த மனைவி, திருட்டு வழக்குகளைப் பார்க்கும் சப்-இன்ஸ்பெக்டர். என்ன போனது என்று விசாரித்தாள். பாலத்து மூலையில் கோபுரம் கட்ட ஓர் இடம் இருந்ததாம். யாரோ ஃபைலைத் திறந்து அதை அழித்திருக்கிறார்கள்.

"அது ஒண்ணுக்கும் உதவாத இடம். அங்க யாரும் கட்டவே மாட்டாங்க" என்றான்.

ஒன்றுக்கும் உதவாததை எவன் திருடுவான்? அவளுக்கு அது உறுத்தியது.

ஃபைல் கடைசியாக மாறியது வியாழன் மாலை 3.40. அன்று மூன்று மணிக்கு, ஒட்டடைக்குச்சி என்று பெயரெடுத்த அந்த நண்பன் கீபோர்டு கொடுக்க வந்திருந்தான். மெக்கானிக்கின் சந்தேகம் உடனே அவன்மேல் பாய்ந்தது.

அவள் போன் போட்டாள். கீபோர்டை மாட்டிவிட்டு ஐந்தே நிமிடத்தில் கிளம்பிவிட்டதாகச் சொன்னான் நண்பன். பாலம் நாற்பதாவது அலையில்தான் திறக்கும். அவன் முப்பத்தெட்டைத் தாண்டியதே இல்லை.

"நானும் முப்பத்தாறுலதான் நிக்கிறேன்" என்றார் மாமனார், கண்ணாடியைத் துடைத்தபடி.

அவரை யாரும் கேட்கவில்லை. அதை அவள் மனதில் குறித்துக்கொண்டாள்.

11.05. அழித்த இடத்தைத் திரும்பப் போட்டு, அங்கே ஒவ்வொரு கோபுரமாகக் கட்டிப் பார்க்கச் சொன்னாள். மாட் செய்தவன் என்பதால் நேராக ஐம்பதாவது அலைக்கே போக அவனால் முடிந்தது. மூன்று கோபுரங்கள் தவிடுபொடி. நான்காவதாகப் பனிக்கோபுரம். எதிரிகள் பாலத்திலேயே உறைந்து, ஒருவர்மேல் ஒருவர் முட்டி நின்றார்கள். கோட்டையை ஒருவன்கூடத் தொடவில்லை.

"இந்த மூலையோட மகிமை செஞ்ச உங்களுக்கே தெரியல. தெரிஞ்சவர் ஒருத்தர்தான், இதை ஜெயிச்சவர்" என்றாள் அவள்.

ஒட்டடைக்குச்சியாக இருக்க முடியாது. முப்பத்தெட்டை எட்டியதற்கே ஊரெல்லாம் தம்பட்டம் அடித்தவன், ஐம்பதை முடித்திருந்தால் சும்மா இருப்பானா? ஜெயித்துவிட்டு வாயைத் திறக்காதவர் யார்? ஜெயிப்பதே யாருக்கு நஷ்டமோ, அவர்.

அவள் மாமனாரின் நாற்காலிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"மாமா, எப்ப ஜெயிச்சீங்க?"

பெரியவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டார். மறுக்கவில்லை.

"வியாழக்கிழமை மூணரைக்கு. பத்து நிமிஷம் ரொம்ப சந்தோஷமா இருந்தேம்மா. அப்புறம் ஞாயித்துக்கிழமைய நெனச்சேன். ஜெயிச்சா அவன் வரமாட்டானேன்னு அந்த மூலைய அழிச்சுட்டேன்."

மகனுக்குக் கொஞ்ச நேரம் புரியவில்லை. புரிந்ததும் திரையைப் பார்க்கவும் முடியவில்லை, அப்பாவைப் பார்க்கவும் முடியவில்லை.

"நான் கேமுக்காகவாப்பா வர்றேன்?" என்றான்.

"எனக்கு எப்படிடா தெரியும்? நீ சொன்னதே இல்லையே."

அவன் எழுந்து நாற்காலியை அப்பாவுக்கு விட்டான். முதல் அலையிலிருந்து ஆடச் சொன்னான். அவர் ஜெயிப்பதைத் தான் பார்க்கவே இல்லையே என்றான். 1.20க்கு ஐம்பதாவது அலை பாலத்தில் உறைந்தது. அன்று மாலையே மாட் வெளியானது, முதல் வெற்றியாளராக அப்பாவின் பெயரோடு.

அடுத்த ஞாயிறு, வழக்கத்தைவிட அரை மணி முன்னதாகவே அப்பா வீட்டு மணி அடித்தது. மெக்கானிக் வெறுங்கையோடு நின்றிருந்தான். புது மாட் எதுவும் இல்லை.

"சும்மாதான்பா வந்தேன்" என்றான்.