தட்டாமாலை ஆடிய நிலம்

உலை கொதிக்கும் முன்பே பொழுது சாய்ந்துவிட்டது. கோமதி விளக்கை ஏற்றி அரிசியைக் களைந்து போட்டாள். சோறு பாதி வெந்தபோது மறுபடி விடிந்தது. கூரை மேலிருந்த சேவல் கூவ வாயெடுத்தது, பிறகு வேண்டாமென்று மூடிக்கொண்டது.

"அதுக்கே வெறுத்துப்போச்சு," என்றபடி சுடலைமுத்து வந்தார். கோமதியின் கொழுந்தன், மேற்சில்லின் வானக்கணக்கர். வாசலில் கால் வைப்பதற்குள் மூச்சு வாங்கியது. இப்போதெல்லாம் எல்லோருக்கும் உடம்பு கனக்கிறது.

"ஆவுடைக்கு வலி எடுத்துட்டதாமே, மதினி?"

"ஆமா. பிள்ளை பிறந்ததும் பேறுச் சுற்று. ஊரே கூடிடும். நீரும் வாரும்."

"அதைச் செய்யாதீங்கன்னு சொல்லத்தான் வந்தேன்."

கோமதி கரண்டியைக் கீழே வைத்தாள்.

பெருநிலம் உடைந்தபோது மிச்சமானவை மேற்சில்லு, கீழ்ச்சில்லு என்று இரண்டே சில்லுகள். முறிந்த முகங்கள் எதிரெதிரே பார்க்க, நடுவில் காற்று நிறைந்த வெளியோடு, அவை ஒன்றையொன்று சுற்றிக்கொண்டிருந்தன. அந்த முகங்களில்தான் மனிதர்கள் குடியிருந்தார்கள். இரண்டையும் பிணைத்தது ஈர்ப்புவடம். அது கயிறல்ல. கண்ணுக்குத் தெரியாத இழுவிசையைத் திரித்து இறுக்கிய கற்றை. இக்கரையில் ஒரு வடச்சக்கரம், அக்கரையில் ஒன்று. சக்கரத்தைச் சுற்றச் சுற்றச் சில்லுகள் நெருங்கும்.

நல்லது நடந்தால் சுற்றுவார்கள். கல்யாணத்துக்கு, பெயர் வைப்பதற்கு, இறந்தவர் நினைவுக்கு. அக்கரைக்கு வாழப்போன பெண்ணுக்குப் பிள்ளை பிறந்தால் தாய்வீட்டு உறவெல்லாம் சேர்ந்து, கை ஓயும்வரை சுற்றுவது பேறுச் சுற்று. இழுத்த தூரமே பிள்ளைக்குச் சீர்.

கோமதி மேற்சில்லின் சக்கரத் தலைவி. ஊரில் பிறந்த எத்தனையோ பிள்ளைகளுக்கு முதல் பிடி அவள் பிடித்திருக்கிறாள். இது கீழ்ச்சில்லுக்கு வாழப்போன அவள் மகள் ஆவுடையின் பிள்ளை.

"நீர் பெத்திருந்தா இப்படிப் பேசுவீரா?" என்றாள்.

"மதினி, நிலத்தாய்மார் கதை தெரியுமில்ல?"

"தெரியாம என்ன. அக்கா தங்கச்சி ரெண்டு பேரும் கை கோத்துத் தட்டாமாலை சுத்தினாங்க. கை நழுவிச்சு. நிலம் உடைஞ்சுது. அதனாலதான் கையை விடக்கூடாதுன்னு பிடிச்சு இழுக்கோம்."

"கை ஏன் நழுவிச்சு?"

அப்படி யாரும் கேட்டதில்லை.

"சின்ன வயசுல சுத்தியிருப்பீங்கள்ல. கையை நீட்டிப் பிடிச்சா மெதுவாச் சுத்தும். கிட்ட இழுத்தா?"

"தலை கிறுகிறுக்கும்."

"அதேதான். நாம இழுக்க இழுக்கச் சுத்து வேகமாகுது. அதான் பொழுது குறையுது, உடம்பு கனக்குது. சில்லோட முதுகுப்புறம் போய்ப் பார்த்தேன். பாறையெல்லாம் பிய்ச்சுக்கிட்டு வெளியில பறக்குது. இன்னொரு பேறுச் சுற்று தாங்குமான்னு எனக்குத் தெரியலை. இழுக்கிறதை நிறுத்தினா மட்டும் போதாது. கொஞ்சங்கொஞ்சமா விடணும்."

"விட்டா எம் மக தூரமாப் போயிடுவாளே."

"இப்ப மட்டும் கிட்ட இருக்காளா? தூரமா இருந்தப்ப பாய்க்கூண்டுல ஏறிக் காத்துல மிதந்து போனோம், வந்தோம். அவ கல்யாணத்துக்கு அப்படித்தானே போனா. கிட்ட வந்தப்புறம் நடுக்காத்து கூண்டையே கிழிக்குது. தூரக்கண்ணாடியில அவ மூக்குத்தி தெரியுது. ஒரு வாய் கஞ்சி கொண்டு குடுக்க முடியுதா?"

கோமதி சோற்றை வடிக்காமலே எழுந்து, மகளோடு பேச ஒளிப்பேசியை நோக்கி நடந்தாள்.

ஒளிப்பேசி வெயிலில் இயங்குவது. பேசினால் கண்ணாடித் தகடு நடுங்கும். அதில் பட்டுத் தெறிக்கும் வெயில் அந்த நடுக்கத்தை அக்கரைக்குக் கொண்டுபோய்க் குரலாக்கும். பொழுது சாய்ந்தால் பேச்சும் அறும்.

"எம்மா, சுற்றுக்கு ஆள் சேர்த்துட்டியா?" ஆவுடையின் குரல் வலியில் விட்டுவிட்டு வந்தது.

சுடலைமுத்து சொன்னதையெல்லாம் கோமதி சொன்னாள். வெயில் இறங்குவதற்குள் முடிக்க வேண்டுமென்று அவசரமாகச் சொன்னாள்.

"வடத்தை விடறதா? யாருக்கு விடுவாங்க, தெரியுமில்ல? குடும்பமே உறவில்லன்னு தலைமுழுகினவளுக்குத்தான் விடுவாங்க. எம் மாமியார் முன்னாடி என்னை எப்படி நிறுத்தப் பாக்கே?"

"உனக்காகத்தான் சொல்லுதேன், தாயி."

"சித்தப்பாவுக்குக் கணக்கு தெரியும். பிள்ளை பெறத் தெரியுமா? நீ வருவேன்னுதாம்மா நான் பல்லைக் கடிச்சுக்கிட்டு..."

வெயில் போய்விட்டது.

நான்கு விடியல் கழித்துச் செய்தி வந்தது: பெண் குழந்தை. மேற்சில்லின் உறவெல்லாம் சக்கர மேடையில் கூடியது. பெண்கள் குலவையிட்டார்கள். தூரத்தில், முதுகுப்புறத்திலிருந்து, எதுவோ இடிந்து விழுவது போன்ற சத்தம் வந்தது. குலவையில் அது வேறு யாருக்கும் கேட்கவில்லை. கோமதிக்குக் கேட்டது.

அவள் பிடியில் கை வைத்தாள். அவள் பிடியை முன்னால் தள்ளவில்லை. பின்னால் தளர்த்தினாள்.

"ஏ கோமு, என்ன பண்ணுத?" என்றாள் ஒருத்தி.

"பச்சப் பிள்ளையைத் தலைமுழுகுதாளே. இவ தாயா?"

இரண்டு பேர் அவள் தோளைப் பிடித்து இழுத்தார்கள். சுடலைமுத்து குறுக்கே நின்றார். கோமதி விடாமல் தளர்த்தினாள். வடம் நீண்டது. அந்தப் பகல் ஒரு துளி கூடுதலாக நின்றது போல அவளுக்குப் பட்டது. அடுத்த கணம், அவள் கைக்குக் கீழே வடம் வெடுக்கென்று விறைத்தது.

தூரக்கண்ணாடியைக் கண்ணில் வைத்தாள். அக்கரைச் சக்கரத்தின் முன் ஆவுடை நின்றாள். பிள்ளை பெற்ற உடம்பு, நிற்கவே வலுவில்லை. குழந்தையை மாரோடு சேலையில் கட்டிக்கொண்டு, முழு உடம்பையும் பிடியின் மேல் சாய்த்து இழுத்துக்கொண்டிருந்தாள். அவளுக்குப் பின்னால் கீழ்ச்சில்லு முழுவதும் இழுத்தது. கோமதி விட்டதைப் போல இரண்டு மடங்கு.

கோமதி ஒளிப்பேசியை நோக்கி ஓடினாள்.

"ஆவுடை, விட்டுடுடி. உன் கையைப் பிடிச்சுக் கெஞ்சுதேன், விட்டுடு."

தகடு நடுங்கியது. மறுமுனையில் மகள் அழுதுகொண்டே சிரிப்பது கேட்டது.

"நீ கைவிட்டாலும் நான் விடமாட்டேம்மா. இன்னும் கொஞ்சந்தான். வந்துட்டேன்."

இருட்டிவிட்டது. கோமதி தகட்டைப் பிடித்தபடி, சொல்ல வேண்டியதை மனதுக்குள் அடுக்கிக்கொண்டு நின்றாள். அடுக்கி முடிக்கும் முன்பே விடிந்தது. அவள் வாயைத் திறந்து மகள் பெயரைச் சொல்வதற்குள் அந்தப் பொழுதும் சாய்ந்தது.