காலி நாற்காலியிடம் கேட்டது

கண்காட்சி அறையில் சிரிப்பு எழுந்தபோது அவளுக்கு முதலில் பெருமைதான். சுவர் முழுக்க ஓடிக்கொண்டிருந்தது அவள் எடுத்த வீடியோ. முன்பின் தெரியாதவர்களைப் பேசவைத்து, பேச்சையெல்லாம் வெட்டிவிட்டு, இடையில் வந்த மௌனங்களை மட்டும் கோத்த படம்.

இப்போது திரையில் லிஃப்ட் மெக்கானிக். அவள் ஸ்டுடியோ வாசலில் மழைக்கு ஒதுங்கியவனை, "சும்மா பேசலாம், உக்காருங்க" என்று அவள்தான் கேமரா முன் உட்காரவைத்தாள். ஈரம் சொட்டும் முடி, மழைமேகத்தைக் குடித்த கண்கள்... உதடு துடிக்கிறது, கழுத்து நரம்பு புடைக்கிறது, வார்த்தை வரவில்லை. கூட்டம் மறுபடி சிரித்தது.

"என் தம்பிக்குத் திக்கும். அதை ஊருக்குக் காட்டத்தான் வரச் சொன்னீங்களாக்கும்?"

திரும்பினாள். அவனுடைய அக்கா. பக்கத்தில் அவன், தலைகுனிந்து.

"வி... விடுக்கா, போலாம்."

படமெடுத்தவளை அவன் பார்க்கவேயில்லை. அவள் முகம் தீயாய்க் காந்தியது. மௌனம் அழகு என்று வாய் கிழியப் பேசினாளே...

அன்றிரவு அவன் பகுதியை நீக்க உட்கார்ந்தவள், வெட்டாத பதிவைத் திறந்தாள். சத்தத்தை அணைத்துவிட்டு வெட்டுவதுதான் அவள் வழக்கம். இன்று முதல்முறையாகக் கேட்டாள். அவன் திணறல். நடுவில் அவளுடைய போன் மணி, கதவுச் சத்தம். அவன் முடிக்கும்வரை பொறுக்காமல் எழுந்து போயிருக்கிறாள். அதற்குப் பிறகுதான் அந்த வார்த்தைகள் வந்தன. எதிரே இருந்த காலி நாற்காலியிடம்.

"ம... மழை விட்டாலும்... இன்னும் கொஞ்ச நேரம்... உங்களோட பேசிட்டிருக்கலாமா?"

கூனிக் குறுகிப்போனாள். ஆனாலும் அந்தக் கேள்வியை விடியும்வரை மறுபடி மறுபடி ஓடவிட்டுக் கேட்டாள்.

மறுநாள் அவன் வேலை செய்யும் இடத்தை விசாரித்துப் போனபோது, ஒரு கட்டடத்தின் கீழ்த்தளத்தில் ஸ்பேனர்களைத் துடைத்துக்கொண்டிருந்தான்.

"ப... பரிதாபப்பட்டு வந்தீங்களா?"

"வெக்கப்பட்டு வந்தேன். படத்துலேர்ந்து உங்களை எடுத்துட்டேன். ஆனா... நீங்க சொன்னதைக் கேட்டுட்டேன்."

அவன் காது சிவந்தது. அவளுக்கோ அடுத்த வார்த்தை தொண்டையிலேயே நின்றுவிட்டது. அவன் குறுக்கே பேசவில்லை. கண்ணை எடுக்காமல் காத்திருந்தான்... அன்று அவளிடம் இல்லாமல்போன அந்தப் பொறுமையோடு.

"எனக்கும்... உங்களோட பேசணும். நிறைய நாள்... பேசணும். உங்களைப் பிடிச்சிருக்கு."

மாடியிலிருந்து யாரோ கத்தினார்கள். "லிஃப்ட் சரியாச்சாப்பா?"

சரியாகி அரைமணி ஆகியிருந்தது. அவன் டூல் பெட்டியை அவள் உட்கார நகர்த்திப் போட்டுவிட்டு, மேலே பார்த்துச் சொன்னான்.

"இ... இன்னும் கொஞ்ச நேரம் ஆகும் சார்."