தூக்கத்தில் வந்த பசி

அந்த வீட்டில் காலையில் எழுந்ததும் எல்லோரும் முதலில் பார்ப்பது எடை மெஷினைத்தான். கூடத்தின் நடுவில், போகிற வருகிறவர்கள் காலில் இடறும்படி அது உட்கார்ந்திருந்தது. அதன் கண்ணாடி மேல் மூத்தார், அவள் கணவனின் அண்ணன், சிவப்பு நகப்பூச்சால் ஒரு கோடு போட்டிருந்தார். முள் கோட்டுக்கு இந்தப் பக்கம் நின்றால் வீட்டில் சிரிப்புச் சத்தம் கேட்கும். அந்தப் பக்கம் போனால் யாருக்கும் தேநீர்கூடத் தொண்டையில் இறங்காது.

அன்று முள் அந்தப் பக்கம் போயிருந்தது.

"இறங்கி ஏறுடா!" என்றார் மூத்தார்.

அவள் கணவன் இறங்கி ஏறினான். மூச்சை வேறு இழுத்துப் பிடித்துக்கொண்டான், மூச்சுக்கும் ஏதோ எடை இருப்பது போல. முள் அசைந்து கொடுக்கவில்லை.

"சட்டையைக் கழட்டு!"

"கழட்டித்தாண்ணே நிக்கிறேன்..."

அன்று மதியம் அதிகாரிகள் முன்னால் எடை பார்க்கப் போகிறார்கள். மறுநாள் சண்டை. குத்துச்சண்டையைத் தொழிலாக எடுத்துக்கொண்ட பிறகு அவனுக்கு இது மூன்றாவது மேடை. முதல் இரண்டிலும் எதிராளியைப் படுக்க வைத்துவிட்டு வந்தவன். சுவரொட்டியில் அவனுக்கு 'இடி' என்று பட்டம் போட்டிருந்தார்கள். இதையும் ஜெயித்தால் பெரிய அரங்கத்திலிருந்து அழைப்பு வரும். எடை கூடிப்போனால் மேடையே கிடையாது.

சமையலறை வாசலில் அவள் கையைப் பிசைந்துகொண்டு நின்றாள். அந்த நேரம் பார்த்து மாமியார் உள்ளேயிருந்து ஒரு சின்னப் பாத்திரத்தைத் தூக்கிக்கொண்டு வந்தார். விளிம்பில் பாலாடை காய்ந்து ஒட்டியிருந்தது. அடியில் இரண்டொரு சோற்றுப் பருக்கை.

"இது என்ன? டீக்குத் தவிர பால் வாங்கறதையே நிறுத்தியாச்சே இந்த வீட்ல! அலமாரிக்குப் பின்னால யாரு ஒளிச்சு வெச்சது?"

எல்லோர் பார்வையும் அவள் மேல் வந்து விழுந்தது. அவள் கணவனைப் பார்த்தாள். அவன் முகத்தில் ஒன்றும் தெரியாத குழந்தையின் திகைப்பு இருந்தது. அதைப் பார்த்ததும் அவள் முடிவு செய்துவிட்டாள்.

"நான்தான் அத்தை. சாயங்காலம் அவர் குடிக்கிற ஓட்ஸ் கஞ்சியில... பாலும் சர்க்கரையும் கலந்துட்டேன். பட்டினியாக் கிடக்கிறதைப் பார்க்க முடியல..."

"அதான் கஞ்சி இனிச்சுதா!" என்று அலறினான் அவன்.

இனிக்காத கஞ்சி இனித்ததாக அவனே சாட்சி சொல்லிவிட்டான். அழ வேண்டிய அந்த நேரத்தில் அவளுக்குச் சிரிப்பு வரப் பார்த்தது. உதட்டைக் கடித்துக்கொண்டாள். கண்ணீர்தான் வந்தது.

உண்மை வேறு. அது அவளுக்கு மட்டும்தான் தெரியும்.

எடையைக் குறைக்க ஆரம்பித்த நாளிலிருந்து அவன் பயிற்சி முடிந்து மதியம் வந்ததும் கட்டையாய்ச் சாய்ந்துவிடுவான். மூத்தார் டயர் கடையில் இருப்பார். மாமியார் அங்கே கல்லாவில் உட்கார்ந்திருப்பார். சலவைக் கூடத்தில் காலை வேலையை முடித்துவிட்டு அவள் வீடு திரும்புவாள். திரைச்சீலை வழியாக வெயில் மஞ்சளாய்க் கசிந்து, வீடு முழுவதும் தண்ணீருக்கு அடியில் இருப்பது போலத் தோன்றும்.

அப்படி ஒரு மதியம், அவன் அறையிலிருந்து நடந்து வந்தான். கண் திறந்துதான் இருந்தது. அந்தக் கண்ணில் அவன் இல்லை. சாப்பாட்டு மேசை முன் உட்கார்ந்து, அந்தப் பெரிய கைகளை மடியில் ஒடுக்கி வைத்துக்கொண்டான்.

"அம்மா... பசிக்குது."

"என்னங்க?" என்றாள் அவள்.

"பால்சோறு..."

குரலும் அவனுடையதாக இல்லை. மீசை முளைக்காத ஏதோ ஒரு வயதிலிருந்து வந்தது. அவள் மெல்ல அவன் கையைப் பிடித்து அழைத்துப் போய்ப் படுக்க வைத்தாள். அவனும் சமர்த்தாகப் படுத்துக்கொண்டான்.

மறுநாள் அவள் துணி மடித்துவிட்டுத் திரும்புவதற்குள் அவன் அடுப்பருகே நின்றான். ஒரு கையில் சர்க்கரை. இன்னொரு கை கேஸ் குமிழைத் திருகிக்கொண்டிருந்தது. அவள் ஓடிப்போய்க் குமிழை மூடினாள். தூக்கத்தில் நடப்பவர்களைத் திடுக்கென்று எழுப்பக்கூடாது என்று யாரோ சொன்னது வேறு ஞாபகம் வந்தது. அவனை உட்கார வைத்துவிட்டு, சோற்றில் பாலும் சர்க்கரையும் போட்டுப் பிசைந்தாள். வாயருகே கொண்டுபோனதும் அவன் வாயைத் திறந்தான்.

சாப்பிடச் சாப்பிட அவன் முகத்தில் ஒரு சிரிப்பு வந்தது. பட்டினி தொடங்கியபோது காணாமல்போன சிரிப்பு அது. ஜன்னல் வெளிச்சத்தில் தூசி மிதந்தது. எங்கோ தெருவில் ஒரு சைக்கிள் மணி அடித்து ஓய்ந்தது. உலகத்தில் அவளும் அந்த வாயும் மட்டுமே மிச்சம் இருப்பது போல் அவளுக்கு மயக்கமாக இருந்தது. கடைசி வாய் ஆனதும் அவன் எழுந்துபோய்ப் படுத்துக்கொண்டான்.

சாயங்காலம் எழுந்து வந்தவன் மார்தட்டினான்.

"பார்த்தியா? காலையிலேர்ந்து வெறும் தண்ணி. பசியே தெரியல! பயிற்சி மாஸ்டர்கிட்டயும் சொல்லிட்டேன், பசிய ஜெயிச்சுட்டேன்னு. பசியையே ஜெயிச்சவனுக்கு மேடையில நிக்கிறவன் எம்மாத்திரம்?"

சொல்லலாம் என்று திறந்த வாயை அவள் மூடிக்கொண்டாள். அவன் குத்தில் பாதி பலம் தோளிலிருந்து வருகிறது, மீதி அந்த நினைப்பிலிருந்து வருகிறது என்று அவளுக்குத் தெரியும். அதை எப்படி உடைப்பாள்? அதற்குப் பதில் சாயங்காலக் கஞ்சியைப் பாதியாக்கினாள். மறுபாதியை அவனுக்குத் தெரியாமல் கொட்டவும் மனம் வராமல், அதையே தன் ராத்திரிச் சாப்பாடாக்கிக்கொண்டாள். அவன் பட்டினி கிடக்கும் வீட்டில் அவளுக்கு வேறெதுவும் இறங்கவில்லை. அவள் கணக்கெல்லாம் சரியாகத்தான் இருந்தது. கேட்கவேண்டியது அவன் உடம்பு, அதுதான் கேட்கவில்லை.

பாத்திரம் அகப்பட்ட அன்று, மதியத்துக்குள் எடையைக் குறைக்க அவன் பிளாஸ்டிக் உறையைப் போர்த்திக்கொண்டு வெயிலில் ஓடினான். ஸ்கிப்பிங் கயிறு கண்ணுக்குத் தெரியாத வேகத்தில் குதித்தான். துப்பத் துப்ப வாயில் எச்சில் வற்றியது. எடை பார்க்கும் மேடையில் ஏறியபோது கூடிய எடையில் பாதிதான் இறங்கியிருந்தது. அங்கேயே மயங்கி விழுந்தான். எடை கூடியவனோடு மோத எதிர்த் தரப்பு கையெழுத்துப் போட மறுத்துவிட்டது; சண்டை நின்றுபோனது.

வீட்டுக்கு வந்தவன் அவள் முகத்தைப் பார்க்கவில்லை.

"உன் கையால இனிமே எனக்குத் தண்ணிகூட வேணாம்."

"என்னங்க... நான் சொல்றதை..."

"போதும்! எதிராளி ரிங்குக்குள்ள இருப்பான்னு நினைச்சேன். என் அடுப்படியிலயே இருந்திருக்கான்!"

அந்த வார்த்தை நேராக அவள் அடிவயிற்றில் விழுந்தது. மூத்தார் தீர்ப்பை வாசிப்பது போலச் சொன்னார்.

"இவ இருக்கிற வரைக்கும் இவன் எடை இறங்காதும்மா. அடுத்த சண்டை முடியட்டும், அதுவரைக்கும் வேற எங்கயாவது தங்கட்டும்."

மாமியார் அழுதுகொண்டே திட்டினார். "ஏண்டி, உனக்கு நான் என்ன குறை வெச்சேன்? என் புள்ள வாழ்க்கையில மண்ணள்ளிப் போட்டுட்டியே!"

அவள் ஒரு பையில் துணிகளை எடுத்துக்கொண்டாள். வாசலில் நின்று ஒன்றே ஒன்று சொன்னாள்.

"அத்தை... மத்தியானத்துல அவரைத் தனியா விடாதீங்க. அவர் தூங்கறப்ப கேஸை அடியோட மூடி வெச்சிருங்க."

"எனக்கே அடுப்பு பார்த்துக்கச் சொல்லித் தர்றியா? போடி!"

சலவைக் கூடத்துக்கு மேலே, வேலை செய்யும் பெண்கள் தங்கும் அறையில் அவளுக்கு ஒரு கட்டில் கிடைத்தது. கீழே நாள் முழுவதும் நீராவி. வரிசை வரிசையாக விடுதிப் படுக்கை விரிப்புகள் தொங்கும். அவற்றுக்கு இடையில் நடந்தால் மேகத்துக்குள் நடப்பது போலிருக்கும். அவனை அவள் முதலில் பார்த்தது இங்கேதான். அழுக்கு மூட்டை இறக்க வந்தவன், யாரும் இல்லை என்று நினைத்து ஈர விரிப்புகளை ஒவ்வொன்றாகக் குத்திக்கொண்டிருந்தான். "துவைச்ச துணிய எதுக்குய்யா துவைக்கிற?" என்று அவள் கேட்டதும் அசட்டுச் சிரிப்புச் சிரித்தான். இப்போதும் இஸ்திரிப் பெட்டியைக் கையில் வைத்துக்கொண்டு அவள் சில சமயம் அப்படியே நின்றுவிடுவாள். விரிப்புக்குப் பின்னால் அவன் தோள் அசைவது தெரியும். துணி கருகும் வாசனை வந்ததும் தோள் மறைந்துவிடும்.

ஒரு மதியம் விரிப்புக்குப் பின்னால் நிஜமாகவே ஒரு நிழல் நின்றது. விலக்கினாள். மாமியார்! தலை கலைந்து, கடையில் போடும் செருப்போடு, மூச்சிரைக்க நின்றார்.

"அத்தை! அவருக்கு ஏதாவது..."

"நானும் போட்டுட்டேன்டி!" என்று வெடித்தார் மாமியார். "நானும் சோறு போட்டுட்டேன்!"

"என்ன அத்தை சொல்றீங்க?"

"யாரையும் நம்பாம நானே மத்தியானத்துல வீட்ல உட்கார்ந்திருந்தேன். வந்தான்... மேசையில உட்கார்ந்தான்... 'அம்மா, பால்சோறு'ன்னான். அவன் சின்னதா இருக்கறப்ப நான் ஊட்டினதுடி அது! கண்ணு திறந்திருக்கு, ஆனா என்னைத் தெரியல... போடக்கூடாதுன்னு எனக்குத் தெரியாதா? எழுந்து வெளிய போயிடலாம்னு பார்த்தேன். கால் நகரல. கை தானா பாலை எடுத்துருச்சு!"

நீராவியில் இருவர் முகமும் நனைந்துபோயிருந்தன. அதில் எது கண்ணீர் என்று யாருக்குத் தெரியும்!

"அப்பதான் உறைச்சுது... அன்னிக்குப் பாத்திரத்துல சோத்துப் பருக்கை இருந்துச்சே! கஞ்சியில எங்கடி வரும் சோறு? கண்ணால பார்த்தும் கோவத்துல விட்டுட்டேனே! ஏண்டி சொல்லல? திட்டுறப்பகூட வாயத் திறக்காம நின்னியே, பாவி!"

"பசிய ஜெயிச்சுட்டேன்னு ஊரெல்லாம் சொல்லிட்டிருந்தாரு அத்தை. நான் எந்த வாயால சொல்லுவேன்?"

மாமியார் அவளைப் பிடித்து இழுத்து மாரோடு அணைத்துக்கொண்டார். அணைத்த கை அவள் முதுகில் தடவிப் பார்த்துத் திடுக்கிட்டது.

"என்னடி இது, எலும்பா இருக்க? அவனுக்குக் கோடு போட்டாங்க, நீ எதுக்குடி இளைச்ச? நீயும் சேர்ந்து பட்டினி கிடந்தியா? கிளம்பு. இப்பவே கிளம்பு!"

"அடுத்த எடை பார்க்கற நாள் வருதே அத்தை. அவருக்குத் தெரிஞ்சா..."

"தெரியட்டும்! எனக்கும் சொல்ல வாய் வரல. அவனே தெரிஞ்சுக்கட்டும்."

மறுநாள் மதியம், அவன் தூங்கிப்போன பிறகு, அந்த வீட்டின் சமையலறையில் மூன்று பேர் மூச்சு விடாமல் நின்றார்கள். கடையை மூடிவிட்டு வந்த மூத்தார் நம்பாத முகத்தோடு சுவரில் சாய்ந்திருந்தார். திரைச்சீலையில் அதே மஞ்சள் வெயில். அறைக் கதவு திறந்தது.

அவன் வந்தான். உட்கார்ந்தான். கைகளை மடியில் ஒடுக்கிக்கொண்டான்.

"அம்மா... பசிக்குது."

மூத்தாரின் வாய் பிளந்தது. "டேய்..." என்று வந்த சத்தத்தை மாமியார் கையால் பொத்தினார்.

அவள் பால்சோற்றைப் பிசைந்து எடுத்து வந்தாள். ஒரு வாய் ஊட்டினாள். அந்தச் சிரிப்பு வந்தது. அதைக் கண் நிறையப் பார்த்துவிட்டு, அவன் கன்னத்தில் கை வைத்தாள். காதருகே குனிந்து, குழந்தையைத் தட்டி எழுப்புவது போலக் கூப்பிட்டாள்.

"என்னங்க... மெதுவா முழிச்சுக்குங்க. நான்தான். பயப்படாதீங்க..."

கண்ணுக்குள் அவன் கொஞ்சம் கொஞ்சமாக வந்து சேர்ந்தான். முதலில் அவளைப் பார்த்தான். பிறகு கிண்ணத்தை, அம்மாவை, அண்ணனை. வாயில் சோறு இருந்தது. இனித்தது. இந்த முறை நிஜமாகவே இனித்தது.

"நானா?" என்றான்.

"ஆமாங்க."

"தினமுமா?"

மாமியார்தான் பதில் சொன்னார்.

"நீயேதான்டா வந்து கேட்ட! அவ உன் மானத்தைக் காப்பாத்தக் கஞ்சி மேல பழியப் போட்டு, அதைத் தன் தலையில வாங்கிக்கிட்டா. நீ சாப்பிடாம நானும் சாப்பிட மாட்டேன்னு வயித்தைக் காயப்போட்டா. நாம அவளைத் தெருவுக்கு அனுப்பினோம்டா!"

இரண்டு மேடைகளில் நிமிர்ந்தே நின்ற தலை கவிழ்ந்தது.

"அடுப்படியில எதிராளின்னு சொன்னேனே..." அவன் விம்மினான். "பசிய ஜெயிச்சுட்டேன்னு நினைச்சேன். ஒண்ணுமே ஜெயிக்கலையா நான்?"

"அது உங்க உடம்புங்க. அதை எதுக்குங்க ஜெயிக்கணும்?" என்றாள் அவள். சொன்னதும் அவளுக்கும் அழுகை வந்துவிட்டது.

மூத்தார் தொண்டையைச் செருமினார். முற்றத்துக்குப் போய் மாஸ்டருக்கு போன் போட்டார். "எனக்கு முன்னாடியே சந்தேகம்தான்யா," என்று அந்தப் பக்கம் மாஸ்டர் கத்தியது இங்கே வரை கேட்டது. "அவன் எலும்பே பெருசு. நீதான் லேசான எடையில சீக்கிரம் மேல வரலாம்னு ஒத்தைக்கால்ல நின்ன! அடுத்த எடைப் பிரிவுக்கு ஏத்து. கொஞ்சம் தாமசமாகும், அவ்ளோதானே?"

திரும்பி வந்த மூத்தார் தம்பியின் மனைவியை நிமிர்ந்து பார்க்க முடியாமல் நின்றார்.

"மன்னிச்சுக்கம்மா," என்றார். வாழ்க்கையில் அந்த வார்த்தையை அதற்கு முன் சொன்னதில்லை என்பது அவர் சொன்ன விதத்திலேயே தெரிந்தது. பிறகு நகப்பூச்சு அழிக்கும் மருந்தைத் தேடி எடுத்து, கூடத்தில் மண்டியிட்டு, எடை மெஷினின் கண்ணாடியைத் தேய்க்க ஆரம்பித்தார்.

"இன்னும் கொஞ்சம் இருக்கா?" என்றான் அவன், கண்ணைத் துடைத்துக்கொண்டு.

"பானை நிறைய இருக்குடா!" என்று மாமியார் அழுகையும் சிரிப்புமாக உள்ளே ஓடினார்.

அவன் கிண்ணத்தைத் தன் பக்கம் இழுத்தான். ஒரு வாய் எடுத்து உருட்டினான். குத்துவதற்கென்றே பழகிய விரல்களுக்கு அது சரியாக வரவில்லை, பாதி சிந்தியது. மிச்சத்தை அவள் வாயருகே நீட்டினான்.

"நீ சாப்பிட்டியா?"

இத்தனை நாளில் அந்த வீட்டில் அவளிடம் யாரும் அதைக் கேட்டதில்லை. அவளும் யாரும் கேட்க வேண்டும் என்று நினைத்ததில்லை. இல்லை என்று தலையாட்டினாள். கண்ணை மூடிக்கொண்டு வாயைத் திறந்தாள்.