மடித்துக் கொடுத்த கரணை

மிரேயின் வண்டி பிரான்சின் மொன்கூர் கிராமத்துக்குள் நுழைந்தபோது சாலை முழுக்கச் சேறு. நவம்பர் என்றால் அந்த ஊரில் அப்படித்தான். வயல்களிலிருந்து சர்க்கரை காய்ச்சும் பீட் கிழங்கை லாரிகள் அள்ளிக்கொண்டு போகும், சேற்றை ஊருக்கு விட்டுவிட்டுப் போகும், மேலே மூடுபனி வந்து உட்கார்ந்துகொள்ளும். பழைய பள்ளிக்கூடத்து வாசலில் வண்டியை நிறுத்தினாள். அகழாய்வுக் குழு தங்குவது, சமைப்பது, கிடைத்த பொருளைக் கழுவிக் காயவைப்பது எல்லாம் அங்கேதான். இந்த வருஷம் தோண்டுவதற்கு அன்று கடைசி நாள்.

உள்ளே குழுத் தலைவர் பெர்த்ரான் காப்பிக் கோப்பையோடு எழுந்து நின்றிருந்தார்.

"எனக்கு முட்டி போச்சுப்பா. இனிமே குனிஞ்சா நிமிர முடியல. அடுத்த வருஷத்துலேர்ந்து இந்த இடத்த சொலேன் பாத்துப்பா."

எல்லோரும் கை தட்டினார்கள். மிரேயும் தட்டினாள். அவள்தான் எல்லோரையும்விடப் பலமாகத் தட்டினாள்.

சொலேன் யார்? மூன்றே வருஷம் முன்னால் வந்த பெண். மிரேய்? தலைமுடி கறுப்பாக இருந்த காலத்திலிருந்து அந்த மண்ணைச் சுரண்டிக்கொண்டிருப்பவள். கல்யாணம் முறிந்ததுகூட அந்த மண்ணால்தான். பெர்த்ரானுக்குப் பிறகு தானே என்று அவள் வாய்விட்டுச் சொன்னதில்லை. ஆனால் அதை நம்பித்தான் பிழைப்பு நடத்தினாள். போன மாதம் வடக்கு மூலையில் ஒன்றும் இல்லை என்று கையைத் தட்டிக்கொண்டு எழுந்தாள். மறுநாள் சொலேன் அதே மூலையில் நாலு சுரண்டு சுரண்டினாள். வெண்கல முகம் ஒன்று வெளியே வந்தது. வாயில்லாத முகம். பத்திரிகைக்காரர்கள் வந்தார்கள், படம் எடுத்தார்கள், சொலேன் பல் தெரியச் சிரித்தாள்.

என் மூலை, என்று மிரேய்க்கு வயிறு எரிந்தது. என் முகம்.

அந்த இடம் ஊருக்கு வெளியே, ரெமி என்கிற விவசாயியின் வயலில் இருந்தது. பிரான்சு என்ற பெயரே இல்லாத காலத்தில் கெல்ட் மக்கள் கும்பிட்ட இடம். சதுரமாக ஓர் அகழி, அதன் நுழைவில் ஒரு வாசல் கல், நடுவில் ஆழமாக ஒரு குழி. மாடுகளைக் குழியில் இறக்கி அழுகவிடுவார்கள். மண்ணுக்கடியில் இருந்ததற்கு அதுதான் சாப்பாடு. அகழியில் வாள்களைப் போடுவார்கள். தோண்டியெடுத்த வாள்களில் ஒன்றுகூட நேராக இல்லை. கல்லில் முட்டுக்கொடுத்து, காலால் மிதித்து, மடித்துத்தான் போட்டிருந்தார்கள். மடித்துவிட்டால் அது மனுஷனுக்கு இல்லை. பங்கு கேட்கக் கூடாது, திருப்பி எடுக்கக் கூடாது. அப்படியொரு பொறாமை பிடித்த சாமி.

"அதோட சாமான் பூரா தூக்கிட்டுப் போறீங்க," என்று ரெமி டிராக்டரில் உட்கார்ந்தபடி கேலி பேசுவான். "ஒருநாள் உங்ககிட்ட பதிலுக்குக் கேக்கப்போவுது, பாருங்க."

அன்றும் டிராக்டரோடு அவன்தான் காத்திருந்தான். குழியை மூடுமுன் ஆளுக்கொரு சின்னப் பொருளை உள்ளே போடுவது அகழாய்வுக்காரர்களின் வழக்கம். அந்த வருஷத்து நாணயம், பீர் பாட்டில் மூடி, எதுவானாலும் சரி. பின்னால் யாராவது தோண்டினால், இங்கே முன்னமே தோண்டியிருக்கிறார்கள் என்று தெரிந்துகொள்ள.

எல்லோரும் போட்டுவிட்டு மூடுபனிக்குள் நடந்துவிட்டார்கள். குழியின் விளிம்பில் சொலேனின் கரணை கிடந்தது. கொத்தனார் சாந்து பூசும் அதே கரணைதான். அதை வைத்துத்தான் இவர்கள் மண்ணைச் சுரண்டுவார்கள். ஆளுக்கு ஒன்று, கைப்பிடியில் பெயரின் முதலெழுத்தைச் சூடு போட்டிருப்பார்கள். ஒருவருடையதை மற்றவர் தொடுவதில்லை.

மிரேய் தொட்டாள்.

வாசல் கல்லின் இடுக்கில் கரணையைச் செருகினாள். அதன் கழுத்தில் பூட்ஸ் காலை வைத்தாள். முழு எடையையும் போட்டு மிதித்தாள். உருக்குக் கம்பி முனகிக்கொண்டு வளைந்து, தகடு கைப்பிடியைத் தொட்டது.

"இந்தா," என்றாள். "எடுத்துக்கோ. இவள எடுத்துக்கோ."

குழிக்குள் போட்டாள். அது விழுந்த சத்தம் கேட்கவில்லை.

டிராக்டர் மண்ணைத் தள்ளியது. மூடுபனியில் எங்கிருந்தோ அழுகிய மாட்டு நாற்றம் வந்தது. "எவன் வயல்லயோ மாடு செத்துக்கெடக்கு," என்று ரெமி மூக்கைப் பொத்திக்கொண்டான். அந்தப் பக்கத்தில் மாடு வளர்ப்பவர் யாருமே இல்லை.

குழு கலைந்தது. பொருள்களைச் சுத்தம் செய்ய மிரேயும் சொலேனும் பெர்த்ரானும் மட்டும் பள்ளிக்கூடத்தில் தங்கினார்கள். சொலேன் கரணையைத் தேடி மூட்டை முடிச்சையெல்லாம் கவிழ்த்தாள்.

"எங்கயாவது பாத்தீங்களா மிரேய்? என் கையே போன மாதிரி இருக்கு."

"சேத்துல எங்கயாவது விழுந்திருக்கும்டி. புதுசு வாங்கிக்கோ. இப்பதான் தலைவி ஆயிட்டியே!"

மறுநாள் சொலேனுக்குக் கழுத்து பிடித்துக்கொண்டது. சிரித்துக்கொண்டே தைலம் தேய்த்தாள். அடுத்த நாள் தலை நிமிரவில்லை. அதற்கடுத்து முதுகும் மடங்கத் தொடங்கியது. கட்டிலில் அவள் முகம் முழங்காலை நோக்கிக் கொஞ்சம் கொஞ்சமாக இறங்கியது. மருத்துவர்கள் படம் எடுத்தார்கள், ஊசி போட்டார்கள், எலும்பில் ஒரு குறையும் இல்லை என்று உதட்டைப் பிதுக்கினார்கள். பெரிய ஆஸ்பத்திரியில் படுக்கை கிடைக்கும்வரை இங்கேயே இருக்கட்டும் என்றார்கள்.

மிரேய் மாடிக்குச் சூப் எடுத்துக்கொண்டு போனாள். அறையில் நாற்றம். ஈர மண்ணும் அழுகிய மாடும்.

"மிரேய்..." சொலேன் முழங்கால்களுக்கு நடுவிலிருந்து கிசுகிசுத்தாள். "என் கழுத்துல யாரோ கால வெச்சு அழுத்துறாங்க."

"காய்ச்சல்ல அப்படித்தான்மா தோணும்."

"இல்ல. முடிய விலக்கிப் பாருங்க."

விலக்கிப் பார்த்தாள்.

பிடரியில் சிவப்பாக ஒரு தடம். பூட்ஸின் அடித்தடம். குதிகாலில் ஒரு பக்கம் தேய்ந்தது.

மிரேய் தன் காலைப் பார்த்துக்கொள்ளவில்லை. பார்க்கத் தேவையும் இல்லை.

சமையலறையில் பெர்த்ரான் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். "இவ எந்திரிக்கலைன்னா நீதான் மிரேய். உன்ன விட்டா யாரு?" என்றார்.

எத்தனை வருஷமாகக் காதில் விழ வேண்டிய வார்த்தை! மிரேய்க்குச் சந்தோஷம் வந்தது. வந்தது நிஜம். மேலே ஒரு பெண் மடங்கிக்கொண்டிருக்க, கீழே தனக்கு நெஞ்சு குளிர்கிறதே என்று உணர்ந்தபோதுதான் அவளுக்கு உடம்பெல்லாம் பதறியது. மண்வெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடினாள்.

பிற்பகல்தான். ஆனாலும் மூடுபனியில் தன் கையே தெரியவில்லை. வாசல் கல்லைத் தடவிக் கண்டுபிடித்து, அங்கிருந்து குழியின் இடத்தைக் குறிவைத்துத் தோண்டினாள். நாற்றம் மூச்சை அடைத்தது. மண் சூடாக இருந்தது. நவம்பர் மண் சூடாக இருக்காது.

தோள் வரை கையை விட்டுத் துழாவினாள். விரலில் கைப்பிடி தட்டுப்பட்டது. அடியாழத்தில் போட்டது மேலே வந்திருந்தது.

இழுத்தாள்.

வரவில்லை.

மறுபடி இழுத்தாள்.

கீழே இருந்து யாரோ இழுத்தார்கள்.

"அவ உனக்கு இல்ல," என்று மண்ணில் கன்னம் பதிய அழுதாள். "வயித்தெரிச்சல்ல சொல்லிட்டேன். விட்டுடு. அவள விட்டுடு."

பிடி இறுகியது. கை இன்னும் கொஞ்சம் உள்ளே போனது.

"வேற தர்றேன்! பதிலுக்கு வேற தர்றேன்!"

சட்டென்று விட்டுவிட்டது. என்ன தருவாய் என்று அது கேட்கவில்லை. இவளும் சொல்லவில்லை.

அதே கல் இடுக்கில் கரணையைச் செருகி, அதே காலால் எதிர்ப்பக்கம் மிதித்து நிமிர்த்தினாள். கோணல் முழுதாகப் போகவில்லை. பள்ளிக்கூடத்துக்குத் திரும்பியபோது வாசலில் பெர்த்ரான் குழந்தை மாதிரி அழுதுகொண்டிருந்தார். "எந்திரிச்சு உக்காந்துட்டா! 'அம்மா'ன்னு ஒரே ஒரு சத்தம், அவ்வளவுதான், நிமிந்துட்டா!"

அன்று மாலையே சொலேன் மேசைக்கு வந்தாள். தலை மட்டும் ஒரு பக்கம் லேசாகச் சாய்ந்திருந்தது. சூப்பில் ரொட்டியைத் தோய்த்துத் தோய்த்துத் தின்றாள். கரணையைப் பார்த்ததும் நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள்.

"வயல் ஓரத்துல புல்லுல கெடந்துச்சு," என்றாள் மிரேய்.

"நீங்க இல்லன்னா நான் என்ன செய்வேன் மிரேய்! அடுத்த வருஷம் வடக்கு மூலைய முழுசாத் தோண்டுவோம். நீங்க என்கூட இருக்கணும்."

"இருப்பா, இருப்பா," என்று பெர்த்ரான் சொலேனின் கோப்பையில் ஒயினை ஊற்றினார். "தலைவி சொன்னா மறுபேச்சா?"

மூவரும் சிரித்தார்கள். வாயில்லாத வெண்கல முகம் அலமாரியிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தது. மிரேய்க்கு உள்ளே அதே இடத்தில் மறுபடி எரிந்தது. சே, என்ன பிறவி நான் என்று தன்னையே திட்டிக்கொண்டாள். திட்டி முடிக்குமுன் அந்த நினைப்பு வந்துவிட்டது: அங்கேயே விட்டிருக்கலாம்.

நினைத்தது அவ்வளவுதான். வாயைத் திறக்கக்கூட இல்லை.

கையில் ஒட்டிய மண்ணைக் கழுவ எழுந்தாள். பின்கட்டில் அவளுடைய கருவிப்பெட்டி மூடியபடி இருந்தது. காலையில் பூட்டியது, இன்னும் பூட்டுதான் தொங்கியது. கழுத்தில் அம்மா போட்ட வெள்ளிச் சங்கிலி இருக்கிறது. நாளை அதை மடித்துப் போட்டுவிடலாம், சொன்ன வாக்கு தீர்ந்துவிடும் என்று எண்ணினாள். மடிக்க இடுக்கி இருக்கிறதா என்று பூட்டை நீக்கிப் பெட்டியைத் திறந்தாள்.

நாற்றம் முகத்தில் அடித்தது.

மேலாக அவளுடைய கரணை இருந்தது. கைப்பிடியில் அவள் பெயரின் முதலெழுத்து, அவளே சூடு போட்டது.

தகடு கைப்பிடியைத் தொட்டுக்கொண்டிருந்தது. மடிப்பில் துளிக் கோணல் இல்லை. பழகிய கால் மடித்திருந்தது.

தகட்டின் மேல் ஈரமண்ணில் ஒரு பாதத் தடம். பூட்ஸ் இல்லை. வெறுங்கால். ஐந்து விரலும் தெளிவாக, சூடு ஆறாமல்.

"மிரேய்," என்று மேசையிலிருந்து சொலேன் கூப்பிட்டாள். "சூப் ஆறுது, வாங்க."

வருகிறேன் என்று சொல்ல அவள் தலையை நிமிர்த்தப் பார்த்தாள்.

நிமிரவில்லை.